பாத் நகரத்து ரோமன் பாத்ஸ்: குளத்தைவிட ஈயத் தகடுகளுக்கு நேரம் ஒதுக்குங்கள்

இங்கிலாந்தின் தென்மேற்கில் உள்ள பாத் நகரத்துக்குப் போகிறவர்கள், வெந்நீர் ஊற்றையொட்டி ரோமர் கட்டிய குளியல் கூடமும் கோயிலும் இருந்த ரோமன் பாத்ஸ் அருங்காட்சியகத்தைத் தவறவிடுவதில்லை. ஆனால் பெரும்பாலோர் பச்சைத் தண்ணீர்க் குளத்தருகே நின்று படம் எடுத்துக்கொண்டு கிளம்பிவிடுகிறார்கள். குளமும் பார்க்க வேண்டியதுதான். என்றாலும் அந்த இடத்தின் உண்மையான செல்வம் உள்ளே கண்ணாடிப் பெட்டிகளில் இருக்கிறது. உள்ளங்கைக்குள் அடங்கும் ஈயத் தகடுகள் அவை. ரோம ஆட்சிக் காலத்தில் துணியைப் பறிகொடுத்தவனும் மோதிரத்தைத் தொலைத்தவளும் தங்கள் சாமியிடம் என்ன சொல்லி அழுதார்கள் என்பது அவற்றில் வார்த்தை மாறாமல் இருக்கிறது. பேரரசர்கள் கட்டிய கோயில்கள் எத்தனையோ ஊர்களில் உண்டு. சாமானியரின் வேண்டுதல் இந்த அளவுக்குக் கிடைத்த இடங்கள் மிகக் குறைவு. ஐந்துக்கு நாலரை மதிப்பெண் தாராளமாகக் கொடுக்கலாம். அரை மதிப்பெண் ஏன் குறைகிறது என்பது கீழே வருகிறது.

முதலில் போகும் வழி. லண்டன் பேடிங்டன் நிலையத்திலிருந்து பாத் ஸ்பா நிலையத்துக்கு ரயிலில் ஏறக்குறைய ஒன்றரை மணி நேரம். அங்கிருந்து நடந்தே போய்விடலாம். பத்து நிமிடம்கூட ஆகாது. நுழைவுச் சீட்டின் விலை நாளைப் பொறுத்து மாறும், வார இறுதியில் கூடும். நேரம் குறித்து இணையத்தில் முன்பதிவு செய்துவிட்டுப் போவது நல்லது. ஒலி வழிகாட்டிக் கருவி சீட்டோடு சேர்ந்தே வரும். குழந்தைகளுக்கென்று தனி ஒலிப்பதிவும் உண்டு. காலையில் திறந்தவுடன் உள்ளே போங்கள், இல்லாவிட்டால் கடைசி இரண்டு மணி நேரத்தில் போங்கள். நண்பகலில் சுற்றுலாக் குழுக்கள் நுழைந்துவிட்டால் பெட்டிகளின் முன் நின்று படிக்க முடியாது. கோடையில் இரவு வரை திறந்து வைத்து, குளத்தைச் சுற்றித் தீப்பந்தம் ஏற்றுவார்கள். அழகுக்கு அந்த நேரம், படிப்பதற்குக் காலை நேரம். இரண்டு மணி நேரமாவது கையில் இருக்க வேண்டும்.

உள்ளே நுழைந்ததும் மாடத்தில் ரோமப் பேரரசர்களின் சிலைகள் வரிசையாக நிற்கும். அங்கேதான் முதல் குழப்பம் தொடங்குகிறது. அந்த மாடமும் சிலைகளும் விக்டோரியா காலத்தவை, 1897-இல் திறக்கப்பட்டவை. கீழே குளத்தைச் சுற்றியுள்ள தூண்களிலும் அடிப்பாகம் மட்டுமே ரோமர் கட்டியது, அதற்கு மேல் எல்லாம் 19-ஆம் நூற்றாண்டு வேலை. இதை மனதில் வைத்துக்கொண்டு பார்த்தால் எது பழசு, எது புதுசு என்று கண்ணே பிரித்துக்கொள்ளும். குளம் பச்சையாக இருப்பதும் பழங்கால நிறம் அல்ல. ரோமர் காலத்தில் மேலே உயரமான கூரை இருந்தது. அது போய் வெயில் விழத் தொடங்கியதால் பாசி வளர்ந்து பச்சையானது.

மாடத்திலிருந்து ஊற்றுப் பக்கம் பார்க்கும் ஜன்னலுக்கு வாருங்கள். எல்லாம் இந்த ஊற்றிலிருந்துதான் தொடங்கியது. 46 டிகிரி செல்சியஸ் சூட்டில் ஒரு நாளைக்கு ஏறக்குறைய 11 லட்சத்து 70 ஆயிரம் லிட்டர் தண்ணீர் கொப்பளித்து வருகிறது. மெண்டிப் குன்றுகளில் ஆயிரக்கணக்கான ஆண்டுகளுக்கு முன் பெய்த மழை நிலத்துக்குள் வெகு ஆழம் இறங்கி, சூடாகி, பிளவுகள் வழியே மேலேறி வருகிறது. ரோமர் வருமுன்பே இந்த ஊர்க்காரர்கள் இங்கே சூலிஸ் என்ற பெண் தெய்வத்தை வணங்கினார்கள். வந்த ரோமர்கள் அவளை அகற்றவில்லை, தங்கள் ஞானத் தெய்வமான மினெர்வாவோடு சேர்த்து ‘சூலிஸ் மினெர்வா’ என்று அழைத்தார்கள். பெயரின் வரிசையைக் கவனியுங்கள்: உள்ளூர்த் தெய்வம் முன்னால், ரோமத் தெய்வம் பின்னால். ஊருக்கே லத்தீனில் ‘அக்வே சூலிஸ்’, அதாவது சூலிஸின் நீர்நிலை என்று பெயர்.

ஊற்றை அடக்கிய விதம் அறிந்துகொள்ள வேண்டியது. சேற்றில் ஓக் மரக் கட்டைகளை அடித்து இறக்கி நிலத்தை இறுக்கினார்கள். பிறகு சுற்றிக் கல்சுவர் எழுப்பி, உட்புறம் ஈயத் தகடு பதித்துத் தொட்டியாக்கினார்கள். முதலில் அது திறந்த வெளியில்தான் இருந்தது. 2-ஆம் நூற்றாண்டில் அதன்மேல் வளைவுக் கூரை போட்டு மூடிவிட்டார்கள். அதன்பின் பக்தன் கண்ட காட்சி வேறு: இருட்டறை, எழும் ஆவி, உள்ளே கொப்பளிக்கும் சூடான நீர். அந்த இருட்டில் கொண்டுபோய்ப் போட்டவைதான் நாணயங்களும் தகடுகளும். இன்று ஜன்னல் வழியே வெட்டவெளியாகத் தெரியும் ஊற்றைப் பார்த்து அந்த இருட்டை ஊகிப்பது கடினம். அருங்காட்சியகத்தின் வரைபடங்களும் மாதிரிகளும் இங்கே நன்றாகக் கைகொடுக்கின்றன. அவற்றைத் தாண்டிப் போய்விட வேண்டாம்.

கீழே இறங்கினால் கோயில் பகுதி. கி.பி. 60-70களில் எழுந்த கோயில் இது. எஞ்சியிருப்பது படிக்கட்டும் முற்றத்தின் ஒரு பகுதியும்தான், அதுவும் இன்றைய தெருவுக்கும் கட்டடங்களுக்கும் அடியில். ரோமக் கோயிலை நம் கோயில்போல எண்ணி உள்ளே கூட்டம் நின்று தரிசித்ததாகக் கற்பனை செய்யக் கூடாது. கருவறைக்குள் சிலையும் பூசாரிகளும்தான். மக்கள் நின்றது முற்றத்தில், பலிபீடத்தைச் சுற்றி. பலி, பூசை, புகை எல்லாம் வெட்டவெளியில் நடந்தன. 3-ஆம் நூற்றாண்டில் சோலினுஸ் என்ற லத்தீன் எழுத்தாளர், பிரிட்டனில் மினெர்வாவின் கோயிலில் அணையாத நெருப்பு எரிகிறது, அது சாம்பலாகாமல் கல் உருண்டைகளாகிறது என்று எழுதினார். அக்கம்பக்கத்தில் கிடைக்கும் நிலக்கரியைத்தான் சொல்கிறார் என்பது ஆய்வாளர்கள் பலரின் கருத்து.

கோயில் முகப்பின் முக்கோணச் சிற்பம் 1790-இல், ஊற்று நீரைக் குடிக்க மக்கள் கூடும் பம்ப் ரூம் என்ற மண்டபத்தைக் கட்ட அஸ்திவாரம் தோண்டியபோது கிடைத்தது. நடுவே மீசையும் தாடியுமாக முறைத்துப் பார்க்கும் ஆண் முகம், தலைமுடிக்கிடையே பாம்புகள். கிரேக்கக் கதையில் வரும் கார்கன், பாம்புகளே கூந்தலான அரக்கி, ஒரு பெண். இங்கே அது ஆணாகிவிட்டது. இது கார்கனா, நீர்த்தெய்வமா, உள்ளூர்ச் சூரிய முகமா என்ற வாதம் தீரவில்லை. ஓரத்தில் ஒரு குட்டி ஆந்தை இருக்கிறது. மினெர்வாவின் பறவை என்பதால் அதைத் தேடிப் பார்த்துவிட்டு நகருங்கள். இழந்த பகுதிகளையும் நிறங்களையும் ஒளிக்கற்றையால் சிற்பத்தின் மேலேயே காட்டுகிறார்கள். ஒரு சுற்று முழுவதும் நின்று பார்ப்பது பயன் தரும்.

பொன் முலாம் பூசிய வெண்கலத் தலை இன்னொரு பெட்டியில் தனியாக இருக்கிறது. 1727-இல் சாக்கடைக்குப் பள்ளம் தோண்டிய தொழிலாளர்கள் கண்டெடுத்தது. கோயிலின் மூலச் சிலையின் தலை இதுவாகத்தான் இருக்க வேண்டும் என்று கருதுகிறார்கள். ஆறு முறை முலாம் பூசப்பட்டிருக்கிறது. மங்க மங்க மீண்டும் மீண்டும் பொன் பூசிய ஊர் இது என்றால், வழிபாடு எத்தனை தலைமுறை தளராமல் நடந்திருக்கும் என்று அந்த ஆறு பூச்சே சொல்லிவிடுகிறது.

முற்றத்தில் நிற்கும் கல்வெட்டுகளைப் படிக்க லத்தீன் தெரிய வேண்டாம், நான்கு எழுத்துகள் தெரிந்தால் போதும். கல்லின் அடியில் வி, எஸ், எல், எம் என்ற ரோமன் எழுத்துகள் இருந்தால், ‘நேர்த்திக்கடனை மனமுவந்து, தகுந்தபடி செலுத்தினான்’ என்று பொருள். அப்படி ஒரு சோடிப் பலிபீடங்கள் இங்கே உண்டு. ஆறாம் படையணியின் நூற்றுவர் தலைவன் மார்குஸ் அவுஃபிடியுஸ் மாக்ஸிமுஸின் நலனுக்காக, அவன் விடுதலை செய்த இரண்டு பழைய அடிமைகள், லெம்னுஸும் எவுடூகெஸும், ஆளுக்கொரு கல் நட்டிருக்கிறார்கள். ஒரே எசமானுக்கு இரண்டு தனித்தனி நேர்ச்சைகள். சேர்ந்து ஒரே கல்லாக நடாமல் ஏன் தனித்தனியாகச் செய்தார்கள் என்பது யோசிக்கத்தக்கது. சாமியிடம் நேர்ந்துகொண்டது ஒவ்வொருவரும் தனித்தனியாகத்தான், கடனும் அவரவருடையது.

குடல் பார்த்துக் குறி சொல்லும் லூகியுஸ் மார்கியுஸ் மேமோர் நட்ட பீடமும் அருகில் இருக்கிறது. பிரிட்டனில் இந்தத் தொழிலைச் சொல்லும் ஒரே கல்வெட்டு இதுதான். தொழிற்பெயரை முதலில் மூன்றெழுத்துச் சுருக்கமாக நடுவில் வெட்டி, பிறகு கூடுதலாக மூன்றெழுத்தைப் பக்கத்தில் நுழைத்திருப்பது கண்ணுக்கே தெரியும். சுருக்கம் இந்த ஊரில் யாருக்கும் புரியவில்லை போலும். 75 வயதில் இறந்த பூசாரி காயுஸ் கல்பூர்னியுஸ் ரெகெப்டுஸின் கல்லறைக் கல்லும் கிடைத்திருக்கிறது. நட்டவள் அவர் மனைவி டிரிஃபோசா, அவரிடமே அடிமையாக இருந்து விடுதலை பெற்றவள்.

கல் வெட்டக் காசு வேண்டும். காசில்லாதவர்களின் எழுத்துதான் இனி வருவது. 1979-80-இல் தொல்லியலாளர் பாரி கன்லிஃப் தலைமையில் ஊற்றின் அடியைத் தோண்டியபோது 12,000-க்கு மேல் நாணயங்களும், கைப்பிடி வைத்த பூசைப் பாத்திரங்களும், இன்னும் பலவும் வந்தன. அவற்றோடு சேர்த்து இந்த ஊற்றில் கிடைத்த எழுத்துத் தகடுகள் ஏறக்குறைய 130. சுருண்டும் மடிந்தும் கிடந்தவற்றை பழைய எழுத்துகளைப் படிக்கும் அறிஞர் ரோஜர் டாம்லின் படித்து 1988-இல் வெளியிட்டார். ‘சாபத் தகடுகள்’ என்பது வழக்கமான பெயர். படித்துப் பார்த்தால் ‘பிராது’ என்ற சொல்லே பொருந்தும். மந்திரமோ பேயோ இவற்றில் கிடையாது. பொருளைப் பறிகொடுத்தவன் அதிகாரியிடம் மனு கொடுப்பதுபோல அம்மனிடம் எழுதிப் போட்டிருக்கிறான்.

செய்முறை எளிது. ஈயத்தில் வெள்ளீயத்தைக் கலந்து உருக்கி, சிறு கட்டியாக வார்த்து, சுத்தியால் மெல்லிய தகடாகத் தட்டுவார்கள். கலவை தகட்டுக்குத் தகடு வேறுபடுகிறது. ஒரே பட்டறையில் அளந்து செய்தது அல்ல என்று இதிலிருந்து தெரிகிறது. எழுத்தாணியால், விரைவாக எழுதும் கையெழுத்து வடிவில் கீறுவார்கள். பிறகு சுருட்டியோ மடித்தோ ஊற்றில் போட்டுவிடுவார்கள். போட்டபின் படிக்க மனிதர் யாரும் இல்லை. அம்மன் மட்டுமே படிக்க வேண்டிய கடிதம். சிலர் அதை இன்னும் மறைவாக்க ஒவ்வொரு சொல்லின் எழுத்துகளையும் பின்னிருந்து முன்னாக எழுதியிருக்கிறார்கள். 1880-இல் கிடைத்த வில்பியா தகடு அப்படிப்பட்டது: வில்பியாவைக் கொண்டுபோனவன் நீரைப்போல உருகட்டும் என்று சொல்லி, சந்தேகத்துக்குரியவர்களின் பெயர்களை வரிசையாக அடுக்குகிறது. வில்பியா என்பது பெண்ணின் பெயரா, ஒரு பொருளின் பெயரா என்று இன்னும் வாதாடுகிறார்கள்.

பிராதின் உள்ளமைப்பைப் புரிந்துகொண்டால் எல்லாத் தகடுகளையும் படித்துவிடலாம். உயிரான பகுதி, தொலைந்த பொருளை அம்மனுக்கே எழுதிக் கொடுத்துவிடுவது. ‘நான் இழந்த ஆறு வெள்ளிக்காசைச் சூலிஸ் அம்மனுக்குக் கொடுத்துவிட்டேன். கடன்பட்டவர்களிடமிருந்து வசூலிப்பது அவள் வேலை’ என்று ஒரு தகடு சொல்லி, செனிகியானுஸ், சடுர்னினுஸ், அன்னியோலா என்று பெயர்களையும் தருகிறது. எழுதிய அந்த நொடியிலிருந்து திருடன் கையில் இருப்பது அம்மனின் சொத்து. பக்கத்து வீட்டானிடம் திருடியவன் இப்போது கோயிலில் திருடியவனாகிவிட்டான். சாமிக்கு இனி இது சொந்த வழக்கு. திருடனைக் கண்டுபிடித்து நீதிமன்றத்துக்கு இழுத்து வருவது பறிகொடுத்தவனின் சொந்தப் பொறுப்பாக இருந்த காலத்தில், ஆள்பலம் இல்லாதவனுக்கு இதைவிடக் கூர்மையான வழி இருந்திருக்காது.

அடுத்தது திருடனை வளைப்பது. பெயர் தெரியாதபோது ‘ஆணானாலும் பெண்ணானாலும், அடிமையானாலும் சுதந்திரனானாலும்’ என்று சோடி சோடியாக அடுக்கி எவரும் தப்ப இடமில்லாமல் செய்வார்கள். மாட்டுடினாவின் மகன் அன்னியானுஸ் தன் பையிலிருந்து ஆறு வெள்ளிக்காசு போனதைச் சொல்லும் தகட்டில் இந்த வலை இன்னும் விரிகிறது: ‘புறச்சமயத்தவனோ, கிறிஸ்தவனோ’ என்று தொடங்குகிறது. பிரிட்டனில் கிறிஸ்தவர் என்ற சொல் எழுத்தில் வரும் மிகப் பழைய இடங்களில் இது ஒன்று. மதப் போராட்டத்தைப் பற்றிய ஆவணத்தில் வரவில்லை, காசு தொலைந்த பிராதில் வருகிறது. ஊரில் இரண்டு சாராரும் கலந்து வாழ்ந்ததற்கு இதைவிட இயல்பான சாட்சி வேண்டாம்.

பிறகு தண்டனை. டோகிமெடிஸ் இரண்டு கையுறைகளைத் தொலைத்தவன். எடுத்தவன் புத்தியையும் கண்ணையும் இழக்க வேண்டும் என்கிறான். புரூகெருஸின் மகன் டோகிலியானுஸுக்குப் போனது முக்காடு வைத்த மேலங்கி. திருடனுக்குச் சாவு, தூக்கம் கூடாது, பிள்ளை பிறக்கக் கூடாது, அங்கியைக் கோயிலில் கொண்டுவந்து சேர்க்கும் வரை. அந்தக் கடைசி நிபந்தனைதான் முக்கியம். பொருள் திரும்பினால் தண்டனை நிற்கும். திரும்ப வேண்டிய இடம் உடையவன் வீடு அல்ல, கோயில். கையுறைக்கு ஒரு மனிதனின் கண்ணா என்று இன்று தோன்றலாம். குளிர்நாட்டில் ஒரே ஒரு மேலங்கி வைத்திருந்தவனுக்கு அது போனால் மாரிக்காலம் என்னவாகும் என்று நினைத்துப் பார்த்தால் அந்தக் கோபம் புரியும். குளிக்கும் இடத்தில் கழற்றி வைத்த துணி திருடு போவது ரோம உலகம் எங்கும் இருந்த தொல்லை. வசதியானவர்கள் காவலுக்கு அடிமையை நிறுத்தினார்கள், மற்றவர்களுக்கு அம்மன்தான் காவல்.

பிழைகளும் நிறைய. ஒரு தகட்டின் முடிவில் ‘எழுதிய தாள் படியெடுக்கப்பட்டது’ என்ற குறிப்பே இருக்கிறது. முன்மாதிரியைப் பார்த்து எழுதும்போது எழுத்து விட்டுப்போவதும் சொல் இடம் மாறுவதும் நடந்திருக்கின்றன. வாசகங்கள் ஒன்றுபோல இருந்தாலும் கையெழுத்து ஏறக்குறைய ஒவ்வொன்றிலும் வேறு. கோயில் வாசலில் ஒரு எழுத்தர் உட்கார்ந்து எல்லாருக்கும் எழுதிக் கொடுத்தார் என்று எளிதாகச் சொல்லிவிட முடியாது. எழுத்தே தெரியாதவர்கள் எழுத்துபோல வெறும் கீறல்களைப் போட்டு எறிந்த தகடுகளும் இருக்கின்றன. உள்ளே இருக்கும் குறை அம்மனுக்குத் தெரியும் என்ற உறுதி இல்லாமல் அப்படி ஒன்றைப் போட முடியாது. இந்தத் தகடுகளை யாரும் நின்று பார்ப்பதில்லை, நீங்கள் பாருங்கள்.

திருட்டைப் பற்றி இல்லாத ஒரு தகடு உண்டு. உரிகாலுஸ், அவன் மனைவி டோகிலோசா, மகன் டோகிலிஸ், டோகிலினா, சகோதரன் டெகென்டினுஸ், அலோகியோசா ஆகியோர் ஏப்ரல் 12-ஆம் நாள் சூலிஸின் ஊற்றில் சத்தியம் செய்திருக்கிறார்கள். பொய்ச் சத்தியம் செய்தவன் தன் ரத்தத்தால் அம்மனுக்கு ஈடு கட்ட வேண்டும் என்கிறது வாசகம். குடும்பத்துக்குள் என்ன தகராறு என்பது எழுதப்படவில்லை. வெள்ளி மோதிரத்தைத் தொலைத்த பசிலியா எழுதியது இன்னொரு வகையில் வியப்பு. அவள் மோதிரத்தை எழுதிக் கொடுப்பது ரோமரின் போர்த் தெய்வமான மார்ஸின் கோயிலுக்கு, ஆனால் தகட்டைப் போட்டது சூலிஸின் ஊற்றில். அறிந்தும் வாய் திறக்காதவனுக்கும் சேர்த்துச் சாபம் விடுகிறாள்.

அரை மதிப்பெண் குறைவது இங்கேதான். 130-இல் ஒரு சிறு பங்குதான் காட்சியில் இருக்கிறது. கீறல்கள் நேர் ஒளியில் தெரியாது, பக்கவாட்டில் சாய்ந்து விழும் ஒளியில்தான் எழும். பெட்டிக்கு முன் நேராக நிற்பதைவிட ஓரமாகச் சாய்ந்து பாருங்கள், கோடுகள் பிடிபடும். படம் எடுப்பதானால் பிளாஷை அணைத்துவிட்டு அதே கோணத்தில் எடுங்கள். மொழிபெயர்ப்பு வாசகங்களை மட்டும் படித்துவிட்டு நகர்பவர்களுக்கு இது உலோகத்தில் கீறிய கையெழுத்து என்பதே மனதில் பதியாமல் போய்விடும்.

இன்னொன்றையும் சொல்ல வேண்டும். சூலிஸை நோய் தீர்க்கும் அம்மன் என்றே பல வழிகாட்டிகள் சொல்கின்றன. குணமடைய வந்தவர்கள் இருந்திருப்பார்கள். தந்தத்தில் செதுக்கிய சிறு மார்பகக் காணிக்கை ஒன்று காட்சியில் உண்டு. ஆனால் உடல் உறுப்பு வடிவக் காணிக்கைகள் இங்கே மிகச் சொற்பம். எழுத்தில் கேட்டது ஏறக்குறைய எல்லாமே நீதிதான், உடல்நலம் அல்ல.

குளத்துக்கு வரும்போது கால் கவனம். சுற்றியுள்ள கற்பலகைகளில் பல ரோமர் பதித்தவை. தேய்ந்து, மேடும் பள்ளமுமாக, ஈரத்தில் வழுக்கும். குளத்தின் ஆழம் 1.6 மீட்டர். அடியில் 45 ஈயத் தகடுகள் விரித்திருக்கிறார்கள், இன்னும் அவைதான் நீரைத் தாங்குகின்றன. தண்ணீரில் கை வைக்கக் கூடாது. சுத்திகரிக்காத நீர் அது. 1978-இல் இந்த ஊற்றுநீரில் நீந்திய ஒரு சிறுமி மூளையைத் தாக்கும் அமீபாவால் இறந்தபின் குளியல் நிறுத்தப்பட்டது. குளிக்க விரும்புகிறவர்களுக்கு அருகிலேயே 2006-இல் திறந்த தெர்மே பாத் ஸ்பா இருக்கிறது. அதற்குத் தனிச் சீட்டு. நாணயம் போட ஆசைப்படுகிறவர்கள் உள்ளே தனியாக இருக்கும் வட்டக் குளத்தில் போடுகிறார்கள்.

பாதையின் முடிவில் ஊற்று நீரைக் குடித்துப் பார்க்கலாம். இது சுத்தமான ஆழ்துளைக் குழாயிலிருந்து வருவது, பயமில்லை. இளஞ்சூடு, 43 தாதுப்பொருள்கள், நாக்கில் இரும்பு வாடை. ஒரு வாய் போதும்.

வெளியே வருமுன் வடிகாலைத் தவறவிடாதீர்கள். ஊற்றின் மிச்ச நீர் ரோமர் கட்டிய அதே வடிகால் வழியாக இன்றும் ஏவன் ஆற்றுக்குப் போகிறது. கல்லெல்லாம் இரும்புக் கறை ஏறி ஆரஞ்சு நிறத்தில் இருக்கும், ஆவி முகத்தில் அடிக்கும். செதுக்கிய மணிக்கற்கள் முப்பதுக்கு மேல் இந்த வடிகாலில் கிடைத்தன. காணிக்கையாகப் போட்டவையா, குளிக்கும்போது சூட்டில் பசை இளகி மோதிரத்திலிருந்து கழன்று விழுந்தவையா என்று இரண்டு கருத்துகள் உண்டு. கழன்று விழுந்தவை என்றால், வீட்டுக்குப் போய் விரலைப் பார்த்துவிட்டு, மறுநாள் ஈயத் தகட்டோடு ஊற்றுக்குத் திரும்பி வந்தவர்களும் அவர்களில் இருந்திருக்கலாம்.